ஆச்சிப்பிள்ளையின் கண்

கிழக்கே எழுவான்கரையிலிருந்து ஆட்களையும் மோட்டார் சைக்கிள்களையும் ஏற்றிக்கொண்டு வாவியைக் கடந்து வரும் தெப்பத்தை, மேற்கே படுவான்கரைச் சனம் ‘பாதை’ என்றுதான் சொல்லும். அந்தப் பாதை கரை தட்டுவதற்கு முன்பே வறுத்த கச்சான் கடலையின் மணம் அதில் ஏறிக்கொள்ளும். மணம் வரும் பக்கம் திரும்பினால் ஆச்சிப்பிள்ளை இருப்பாள். மணல் போட்ட தாச்சியில் கச்சானைப் புரட்டியபடி, இறங்குகிற ஒவ்வொரு முகத்தையும் நிமிர்ந்து பார்ப்பாள்.

அந்தப் பார்வையைப் பற்றி ஊர் முதலில் சிரித்துப் பேசியது. பிறகு சிரிக்காமல் பேசியது.

எதையும் அரைகுறையாகப் பார்க்க அவளுக்குத் தெரியாது. இடது கண்மணி பூனைக்கண் போல வெளிறியிருக்கும், பிறவியிலேயே அப்படி. அந்தக் கண்ணை ஒன்றில் வைத்தாளென்றால் வாயும் சும்மா இராது. என்ன வடிவான கன்று என்பாள். இந்தப் பப்பாசி என்ன காய் காய்த்துத் தள்ளியிருக்கிறது என்பாள். மனம் நிறைந்துதான் சொல்வாள். கன்று இரண்டு நாள் பால் குடிக்காமல் கிடந்தாலும், பப்பாசி காற்றில் முறிந்தாலும், ஆச்சிப்பிள்ளை பார்த்தவள் என்று யாராவது ஒருத்தி சொல்லிவைப்பாள். மரம் காற்றில்தான் முறிந்தது என்பது சொல்கிறவளுக்கும் தெரியும். ஆனாலும் சொல்லுவாள்.

ஆச்சிப்பிள்ளையும் விடமாட்டாள்.

“என்ட கண்ணுக்கு அவ்வளவு வலுவெண்டா ஏன்கா இந்த நுளம்பெல்லாம் சாகாமத் திரியுது? ராவு முழுக்கக் கடிபட்டு அதுகளத்தானே பாத்துக்கிட்டுக் கிடக்கன்” என்பாள். கேட்டவர்கள் சிரித்துக்கொண்டே ஒரு சுருள் கச்சான் வாங்கிக்கொண்டு போவார்கள். அவ்வளவோடு அது போய்விடும்.

அவள் கலியாணம் கட்டவில்லை. கட்ட நேரம் இருக்கவில்லை என்பதுதான் சரி. தங்கச்சி சீதேவிப்பிள்ளை, புருசன் விட்டுவிட்டுப் போனபின் நாலு வயது மகளை அக்காவின் கையில் கொடுத்துவிட்டுக் குவைத்துக்கு வீட்டுவேலைக்குப் போனாள். போனவள் பெட்டியில் திரும்பி வந்தாள். அந்த மகள்தான் நிருஷா. பிறந்த நாளிலிருந்து அவளைக் குளிப்பாட்டியவளும் ஆச்சிப்பிள்ளைதான். காலை நீட்டி அதில் பிள்ளையைக் கிடத்தி, மஞ்சள் போட்டுக் காய்ச்சிய வெந்நீரைக் கையால் அளந்து ஊற்றி, மூக்கை உருவி, மண்டையை உருட்டி வடிவாக்கியவள். நிருஷா பெரிய பெண்ணான பிறகும் தூங்கப் போகும்போது அந்தக் காலில் தலை வைத்துத்தான் படுப்பாள்.

அந்தப் பக்கத்தில் வீடு பெண்ணுக்குத்தான். கலியாணம் முடிந்தால் மாப்பிள்ளை வந்து வீட்டில் ஏறுவான். வளர்த்தவர்கள் இறங்கிப் பின்வளவுச் சமையல் குசினிக்குப் போவார்கள். அதில் யாருக்கும் வருத்தம் இருப்பதில்லை. வீட்டுத்திட்டத்தில் கிடைத்த அறையோடு, கச்சான் விற்ற காசில் ஒரு விறாந்தையும் இன்னோர் அறையும் கட்டி, ஓடு போட்டு, நிருஷாவை சிவதர்ஷனுக்குக் கட்டிக்கொடுத்த அன்றே ஆச்சிப்பிள்ளை தன் பாயைச் சுருட்டிக்கொண்டு குசினிக்கு வந்துவிட்டாள். நிருஷா பின்னாலேயே வந்து வாசலில் நின்று அழுதாள்.

“எனக்குப் புள்ள பிறந்தா நீங்கதான் குளிப்பாட்டோணும் பெரியம்மா.”

“வேற ஆரு குளிப்பாட்டுற? முதல்ல அழாம அங்கால போ. மாப்பிள தேடுவான்.”

அன்றைக்கே ஆச்சிப்பிள்ளை ஓர் அகலப் பேசின் வாங்கினாள். கிழிந்த வேட்டிகளைத் தோய்த்து மடித்து, கஸ்தூரி மஞ்சளோடு தகரப்பெட்டியில் வைத்தாள். அவள் வாழ்க்கையில் இன்னும் வரவேண்டியிருந்தது அது ஒன்றுதான்.

முதல் பிள்ளை ஐந்தாம் மாதத்தில் தங்காமல் போயிற்று. பெட்டி அப்படியே இருந்தது.

அதற்கு அடுத்த வருசம்தான் புவிராஜ் சேர் வந்தார். கொழும்புப் பக்கம் படிப்பித்தவர். ஆராய்ச்சிக்கென்று மட்டக்களப்பு டவுனில் ஒரு மேல்மாடி வாடகைக்கு எடுத்திருந்தார். மெலிந்த, நல்ல பேச்சுள்ள மனிதர். பல்நோக்குக் கட்டடத்தில் மாதர் சங்கத்தைக் கூட்டி, ஒரு பிடி விதைநெல்லைக் கையில் வைத்துக்கொண்டு பேசினார்.

“ஒரு பொருளை ஆரும் பாக்காத வரைக்கும் அது ஒரு முடிவுக்கு வாறதில்ல. ஈரச்சாக்குக்குள்ள கிடக்கிற விதைநெல் முளைச்சும் இருக்கும், அழுகியும் இருக்கும். ரெண்டும்தான். சாக்கைத் திறந்து பாக்கிற கண்தான் அதை ஒரு பக்கம் தள்ளுது. ஒவ்வொருத்தர்ர கண்ணும் ஒவ்வொரு மாதிரித் தள்ளும். இதுதான் என்ட காண்பான் கோட்பாடு.”

பின்வரிசையில் ஒருத்தி எழும்பினாள். “சேர், அப்ப நான் பாக்காம இருந்தா என்ட மாமி இல்லாமப் போயிருவாவா?”

“அவவும் உங்களப் பாக்காம இருக்கோணுமே அம்மா.”

கட்டடமே சிரித்தது. அந்தச் சிரிப்போடு ஊர் அவருக்கு இணங்கிவிட்டது.

ஆளுக்கொரு தட்டு. தட்டில் ஊறவைத்த விதைநெல், மேலே ஈரத்துணி. காலையில் ஒவ்வொருத்தியும் வந்து தன் தட்டின் துணியைத் தூக்கி, ஒரு வாய் வெற்றிலை சப்பி முடிகிற நேரம் அதையே பார்க்க வேண்டும். பிறகு மூடிவிட வேண்டும். மற்றவள் தட்டைப் பார்க்கக் கூடாது. இவ்வளவுதான் வேலை. விதையை வீடுவீடாகச் சேர்த்துத் தட்டில் போட்டவள் சங்கத் தலைவி கண்ணகை. அவள்தான் சிவதர்ஷனின் தாய், நிருஷாவின் மாமி.

“ஆச்சிப்பிள்ளையக் கூப்பிடுங்க சேர். அவட கண்ணத்தான் பாக்கோணும் நீங்க” என்று இரண்டு மூன்று பேர் கண்ணைக் காட்டிச் சிரித்தார்கள்.

புவிராஜ் சேர் சிரிக்கவில்லை. அவள் முன்னால் வந்து கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். “நீங்க ஒரு பொருளப் பாக்கக்குள்ள உங்களுக்கு எப்பிடி இருக்கும் அம்மா?”

அந்த வயது வரைக்கும் அவளிடம் அப்படி ஒருவரும் கேட்டதில்லை. கச்சான் என்ன விலை என்று கேட்டிருக்கிறார்கள். பாதை போய்விட்டதா என்று கேட்டிருக்கிறார்கள். அவள், “நல்லா இருக்கும் சேர்” என்றாள். ஒரு நாள் விடாமல் தட்டைப் பார்க்க வந்தாள்.

தட்டுகளை எல்லோருக்கும் முன்னால் திறந்த அன்று மற்றத் தட்டுகளில் வெள்ளை முளை ஊசி ஊசியாக நின்றது. ஆச்சிப்பிள்ளையின் தட்டில் அங்கொன்றும் இங்கொன்றுமாக நாலு முளை. மீதியெல்லாம் கறுத்து, பூஞ்சணம் பிடித்து, நாறியது. அவளுக்கு முகம் கருகிப்போயிற்று. ஆனால் புவிராஜ் சேரின் முகத்தில் சந்தோசம் பொங்கி வழிந்தது.

“அம்மா, நீங்க சாதாரண ஆளில்ல. நீங்க ஒரு வலுவான காண்பான்.”

“காண்பானோ? நான் பொம்பிள சேர்.”

அவர் விழுந்து விழுந்து சிரித்தார். போனை எடுத்து, அவளைத் தட்டோடு நிறுத்தி, இடது கண் நன்றாக விழும்படி வெளிச்சத்துக்குத் திருப்பி, வீடியோ எடுத்தார். கெட்ட கண் என்று ஒரு சொல் அவர் வாயில் வரவில்லை. பார்வை உண்மையை வடிவமைக்கிறது, சிலரின் பார்வைக்கு அந்த வலு கூட என்றுதான் சொன்னார். அன்று பின்னேரம் துறையில் ஆச்சிப்பிள்ளை கச்சான் வாங்க வந்தவர்களுக்கெல்லாம் ஒரு பிடி கூடப் போட்டாள். சேர் என்னை வலுவான ஆளென்று சொன்னார் என்று பாதைக்காரனிடமும் சொன்னாள். படித்த ஒருவர் தன்னைப் பற்றி ஒரு நல்ல வார்த்தை சொன்னார் என்று நம்பியதுதான் அவள் செய்த குற்றமென்றால், அந்தக் குற்றத்தை யார்தான் செய்யமாட்டார்கள்?

ஏறாவூர் மர்சூக் அவளுக்குக் கச்சான் மூட்டை கொண்டுவந்து போடுகிற வியாபாரி. வாயாடி, மனசு சுத்தம். ஒரு நாள் மூட்டையை இறக்கிவிட்டு, சொல்லலாமா வேண்டாமா என்று நின்றுகொண்டிருந்தான்.

“என்ன தம்பி, வயித்துக்குள்ள என்ன வெச்சிட்டு நிக்கிறா?”

“அக்கா, உங்கட வீடியோ எங்கட ஊர் வரைக்கும் வந்திட்டுது.”

“எங்க, காட்டு பாப்பம்.”

காட்டினான். தன் கண் அவ்வளவு பெரிதாக, தனியாக நிற்பதை ஆச்சிப்பிள்ளை அன்றுதான் கண்டாள். கீழே சனம் என்னவோ எழுதியிருந்தது. வாசி என்றாள். மர்சூக் இழுத்தான். வாசி என்று திருப்பியும் சொன்னாள்.

“இந்த அம்மாவ எங்கட ஊர்ப்பக்கம் விட்டிராதீங்க எண்டு ஒருவன் போட்டிருக்கான். கண்ணூறு உண்மையெண்டு இப்ப விஞ்ஞானமும் ஒத்துக்கிட்டுது எண்டு ஒருவன். மத்ததுகள வாசிக்க ஏலாதக்கா. அந்த சேர் ஒரு விசரன், விட்டுத் தள்ளுங்க.”

அவள் தாச்சியைப் புரட்டினாள். மணல் மட்டும்தான் கிடந்தது. கச்சான் போட மறந்திருந்தாள்.

முன்பு சிரித்துக்கொண்டு வாங்கியவர்கள் இப்போது சிரிக்கவில்லை. தாய்மார் பிள்ளையின் முகத்தைச் சீலைத் தலைப்பால் மூடிக்கொண்டு துறையைக் கடந்தார்கள். ஒரு பேய்க்கதையாக இருந்தவரைக்கும் அதை நம்பாமல் இருக்க ஆட்களுக்கு இடம் இருந்தது. படித்தவர் தட்டு வைத்துக் காட்டிவிட்ட பிறகு நம்பாதவன் மடையனாகிவிட்டான்.

அந்த நேரம் பார்த்துத்தான் நிருஷா திருப்பியும் பிள்ளைத்தாய்ச்சியாக இருந்தாள்.

ஏழாம் மாதம் கண்ணகை மகன் வீட்டுக்கு வந்து சேர்ந்தாள். கண்ணகை பொல்லாதவளென்று சொன்னால் அது பொய். மருமகளுக்கு முட்டை அவித்துக் கொடுத்தாள், காலை அமுக்கிவிட்டாள், கிளினிக்குக்கு ஓட்டோவில் கூட்டிக்கொண்டு போனாள். போன பிள்ளையை நினைத்து ஒளித்து அழுதவளும் அவள்தான். ஒரு நாள் குசினிக்கு வந்து, ஆச்சிப்பிள்ளை குடுத்த தேத்தண்ணியைக் குடித்து முடித்துவிட்டுச் சொன்னாள்.

“மச்சாள், கோவிக்காதகா. உன்ட மனசில ஒண்டுமில்ல, எனக்குத் தெரியும். கண்ணுதான். அது உன்ட கையில இல்லயே. புள்ள கொஞ்சம் பெருக்கும் வரைக்கும் முன்பக்கம் வராம இரு.”

“நான் வளத்த புள்ளயப் பாக்கிறதுக்கு நான் ஆரிட்டக் கேக்கோணும்?”

“அந்தப் புள்ளதான் சொல்லச் சொன்னது.”

ஆச்சிப்பிள்ளை குடித்து முடித்த கோப்பையை எடுத்துக்கொண்டு கழுவப் போனாள்.

மறுநாள் சிவதர்ஷன் தகரங்களைக் கொண்டுவந்து வீட்டுக்கும் குசினிக்கும் நடுவே கம்பு நட்டு அடித்தான். நிமிர்ந்து பார்க்காமல் ஆணி அடித்தான்.

“நாய் வராமத்தான் பெரியம்மா.”

“நாய் எந்தப் பக்கத்தால வருது மகன்?”

அவன் ஆணியை வளைத்துப்போட்டான். இன்னொன்றை எடுத்து அடித்தான்.

பிள்ளை மட்டக்களப்பு ஆஸ்பத்திரியில் சுகமாகப் பிறந்தது. பெண் பிள்ளை. வீட்டுக்குக் கொண்டுவந்த அன்று ஆச்சிப்பிள்ளை தகரத்தில் காதை வைத்துக்கொண்டு நின்றாள். அழுகைச் சத்தம் வந்தது. பசி அழுகையா வயிற்று வலி அழுகையா என்று அவளுக்குத் தெரியும். பசி அழுகைதான். கண்ணகையோ வயிற்று வலியென்று நினைத்து ஓமத்தண்ணி தேடினாள். “பாலக் குடுங்ககா” என்று தகரத்துக்கு இந்தப் பக்கம் நின்று ஆச்சிப்பிள்ளை கத்தினாள். சத்தம் மட்டும் போனால் யாருக்கும் கேடில்லை போல. பாலைக் கொடுத்தார்கள், பிள்ளை அடங்கியது.

அடுத்த நாள் தாச்சியைக் கவிழ்த்து வைத்துவிட்டு, பாதை ஏறி, குருக்கள்மடத்தில் இறங்கி, பஸ் பிடித்து டவுனுக்குப் போனாள். மேல்மாடி முழுக்கப் பெட்டிகள். புவிராஜ் சேர் நோர்வேக்குப் போக ஆயத்தம் செய்துகொண்டிருந்தார். அவளைக் கண்டதும் உண்மையாகவே மகிழ்ந்து, கதிரையில் இருந்த புத்தகங்களைத் தூக்கிக் கீழே வைத்தார்.

“சேர், நீங்க வந்து சனத்துக்கு முன்னால ஒரு வார்த்த சொல்லோணும். இவட கண்ணால புள்ளக்கி ஒண்டும் வராது எண்டு.”

“நான் கண்ணூறு எண்டு எங்கயும் சொல்லேல்லயே அம்மா.”

“சொல்லாததச் சொல்லேல்ல எண்டு வந்து சொல்லுங்க.”

அவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

“அப்ப கேக்கிறன். என்ட கண் புள்ளயக் கெடுக்குமா?”

நேர்மையான மனிதர்தான், அதுதான் வினை. “பரிசோதிச்சுப் பாக்காத ஒண்ட இல்லயெண்டு என்னால சொல்ல ஏலாது அம்மா. விதையில ஒரு விளைவு வந்திருக்கு. உங்கட தட்டுத்தான் என்ட ஆராய்ச்சியிலயே வலுவான சான்று.”

“அப்ப திருப்பிச் செய்யுங்க. அதே தட்டு, அதே ஆக்கள். நான் வந்து பாக்கிறன். இந்த முற முளைச்சிட்டா வந்து சொல்லுவீங்களா?”

அது அவருக்குப் பிடித்தது. போவதற்கு முன் ஒரு தடவை செய்து பார்க்கலாம் என்று ஒப்புக்கொண்டார். திரும்பி வரும்போது பஸ்ஸில் அவள் பக்கத்து இருக்கைக்காரியோடு வாய் ஓயாமல் கதைத்துக்கொண்டு வந்தாள். தகரத்தைக் கழற்றி என்ன செய்யலாம் என்றுகூட யோசித்துவைத்தாள். கோழிக்கூட்டுக்குக் கூரை போடலாம்.

பல்நோக்குக் கட்டடத்தில் சனம் முன்பை விடக் கூடவே வந்தது. பிள்ளைப்பெற்றவள் என்பதால் நிருஷா வரவில்லை; சிவதர்ஷன் கதவோரம் நின்றான். புவிராஜ் சேர் தட்டுகளை அடுக்கினார். கண்ணகை இரண்டு பையோடு வந்தாள். ஒரு பையை எல்லாத் தட்டுக்கும் பக்கத்தில் வைத்தாள். மற்றப் பையை ஆச்சிப்பிள்ளையின் தட்டடியில் வைத்தாள்.

“இது என்ன தனிப் பை?” என்றார் சேர்.

“இது இவக்கு சேர். போன முறயும் இப்பிடித்தான். முந்தின வருசத்து விதை, மூலைக்குள்ள கிடந்தது. கொஞ்சம் அரிசியில்லாத சப்பியும் கலந்திரிக்கு.”

“ஏன் அப்பிடி?”

கண்ணகை அவரைப் பார்த்த பார்வையில் கள்ளம் ஒரு துளியும் இல்லை. “இதென்ன கேள்வி சேர்? நல்ல விதைய ஆராவது இவட கண்ணுக்கு முன்னால வெச்சு நாசமாக்குவாங்களா? சனம் வட்டையில விதைக்க வெச்சிருந்தத நம்பித் தந்ததுகள்.”

புவிராஜ் சேர் கையில் இருந்த தட்டை மெல்லக் கீழே வைத்தார். அவருக்கு எல்லாம் விளங்கிவிட்டது என்பது முகத்தில் தெரிந்தது. ஆச்சிப்பிள்ளைக்கும் விளங்கியது. அவள் எழும்பி நின்றாள்.

“கேட்டீங்களா எல்லாரும்? செத்த விதைய எனக்கு முன்னால வெச்சிட்டு, முளைக்கேல்ல எண்டு என்னில பழியப் போட்டீங்க. என்ட கண்ணில ஒண்டுமில்ல. கேட்டீங்களா?”

கண்ணகைதான் சொன்னாள், அதுவும் ஆறுதலாக.

“பழைய விதையெண்டாலும் பாதியாவது முளைக்கும் மச்சாள். என்ட வளவில முளைச்சிரிக்கு. உனக்கு நாலுதானே முளைச்சுது.”

ஓமென்று தலைகள் ஆடின. ஆச்சிப்பிள்ளை புவிராஜ் சேரைப் பார்த்தாள். அந்த இடத்தில் ஒரு வார்த்தை போதும். பிழைவிட்டுவிட்டேன், நான் சொன்னது பிழை என்று ஒரு வார்த்தை. அவர் தரையைப் பார்த்துக்கொண்டு, “இத மீளாய்வு செய்யோணும்” என்றார். மீளாய்வு என்றால் என்னவென்று அங்கே யாருக்கும் தெரியாது. தட்டுகளைக்கூட எடுக்காமல் காரில் ஏறிப் போனார். பிறகு நோர்வேக்கும் போனார். அவருடைய கோட்பாடு அவருடைய பெட்டிக்குள்ளேயே செத்திருக்கும். ஊரில் அது நல்ல சுகத்தோடு இருந்தது.

இரண்டு நாள் கழித்து நடுப்பகலில் தகரத்துக்கு அந்தப் பக்கம் யாரோ நகத்தால் தட்டினார்கள்.

“பெரியம்மா.”

“சொல்லு மனே.”

“கோவமா?”

“சாப்பிட்டியா நீ? பால் ஊறச் சுறாப்புட்டு குடுக்கிறாங்களா?”

நிருஷா அழுதாள். “எனக்குப் பயம் பெரியம்மா. போன முற நான் ஒரு பயமும் இல்லாமத்தான் இருந்தன். அப்பவும் போயிட்டுதே. எனக்கு இது பொய்யெண்டு தெரியும், ஆனாப் பயமா இரிக்கு.” பிறகு மூக்கை உறிஞ்சிவிட்டுச் சொன்னாள். “மாமிக்குக் குளிப்பாட்டத் தெரியேல்ல. காதுக்குள்ள தண்ணி போகுது. நீங்க… கண்ணக் கட்டிக்கிட்டுக் குளிப்பாட்டுறீங்களா?”

அவ்வளவு பிடிவாதக்காரி. பூனைக்கண்ணை வைத்துக்கொண்டு ஊரோடு இவ்வளவு காலம் மல்லுக்கட்டியவள். கண்ணைக் கட்டச் சொன்னவள் வேறு யாராக இருந்தாலும் தாச்சி மணலை அள்ளி வீசியிருப்பாள். தகரத்தில் நெற்றியை வைத்துக்கொண்டு நின்றாள். வெயிலில் தகரம் சுட்டது.

“தண்ணியக் காய்ச்சச் சொல்லு. மஞ்சள் என்னட்ட இரிக்கு.”

குளிப்பாட்டுகிற காலையில் கண்ணகை வந்து ஒரு கறுப்புத் துணியால் அவள் கண்ணைக் கட்டினாள். இரண்டு முடிச்சு. கையைப் பிடித்துத் தகரத்தைச் சுற்றிக் கூட்டிக்கொண்டு போனாள். தான் கட்டிய வீட்டின் விறாந்தையில் ஆச்சிப்பிள்ளை தடவித் தடவி உட்கார்ந்து காலை நீட்டினாள். பிள்ளையைக் கிடத்தினார்கள். அந்தப் பாரம் காலில் இறங்கியதும் இரண்டு காலையும் ஒட்டிச் சேர்த்துக்கொண்டாள்.

பிறகு கைகள் தாமாகவே வேலை செய்தன. முழங்கையில் ஊற்றிச் சூடு பார்த்தாள். ஒரு காதை உள்ளங்கையால் பொத்திக்கொண்டு தலையை நனைத்தாள். நெற்றி அகலம், சீதேவிப்பிள்ளையைப் போல. காது மடல் ஒன்றில் சின்ன மடிப்பு. கால் பெருவிரல் நீளம். கைக்கு ஒவ்வொன்றாகக் கிடைத்ததை அவள் மனதுக்குள் சேர்த்து ஒரு முகம் செய்துகொண்டாள். அது சரியான முகமா என்று யாரிடமும் கேட்கவில்லை. முன்பென்றால் என்ன வடிவு, என்ன நிறம் என்று வாய் பொங்கியிருக்கும். இப்போது வாயையும் மூடிக்கொண்டாள். அதை ஒருவரும் கேட்கவில்லை; தானாகவே மூடினாள்.

பிள்ளை தேறியது. துடக்குக் கழித்து மேனுகா என்று பேர் வைத்தார்கள். தொடை மடிப்பு மடிப்பாக விழுந்தது. ஊர் அதைப் பார்த்துத் திருப்தியோடு சொன்னது: கண்ணைக் கட்டினது எவ்வளவு நல்லதாய்ப் போயிற்று. பார்க்காததால்தானே பிள்ளை இப்படிக் கொழுத்திருக்கிறது. சேர் சொன்னது சரிதான். அவள் கண்ணைக் கட்டியது அவர்களுக்குப் புவிராஜ் சேரின் தட்டை விடப் பெரிய சான்றாயிற்று. குளிப்பாட்டிய கைக்கு ஒருவரும் பேர் சொல்லவில்லை. ஆச்சிப்பிள்ளை அதையும் கேட்டுக்கொண்டு கச்சான் வறுத்தாள். அடுத்த நாள் காலை கண் கட்டக் குனிந்தாள்.

பிள்ளைக்கு இரண்டு மாதமாகிறபோது மிட்வைஃப் மிஸ் வரச்சொல்லி, கிளினிக்கில் தொடையில் ஊசி போட்டார்கள். ஊசிக்குக் காய்ச்சல் வரும், பயப்பட வேண்டாம், பாணி மருந்து குடுங்கள் என்று சொல்லியனுப்பினார்கள். அன்று காய்ச்சல் வரவில்லை. மறுநாள் காலை வழக்கம்போலக் குளிப்பாட்டு. கண்ணகை அவசரத்தில் ஒரு முடிச்சுத்தான் போட்டிருந்தாள். போட்டுவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டாள். நிருஷா துடைக்கத் துவாய் எடுக்க உள்ளே போனாள்.

பிள்ளை காலை உதறியது. ஆச்சிப்பிள்ளை அதைப் பிடிக்கக் குனிந்தாள். துணி நழுவி மூக்கில் வந்து விழுந்தது.

கைகள் செய்துவைத்திருந்த முகம் அல்ல அது. அதைவிட எவ்வளவோ வடிவு. பிள்ளையின் இடது கண்மணி லேசாக வெளிறியிருந்தது. அந்தக் கண்ணால் பிள்ளை அவளை நிமிர்ந்து பார்த்தது. பார்த்துக்கொண்டே வாயைக் கோணிச் சிரித்தது. எவ்வளவு நேரம் அப்படிப் பார்த்துக்கொண்டிருந்தாளென்று அவளுக்கே தெரியாது. நிருஷாவின் காலடிச் சத்தம் கேட்டதும் துணியை மேலே தூக்கிவிட்டாள். ஒருவருக்கும் தெரியாது.

அன்று பின்னேரம் பிள்ளைக்குக் காய்ச்சல் கொதித்தது.

ஊசி போட்ட பிள்ளைக்குக் காய்ச்சல் வரும். அது ஆச்சிப்பிள்ளைக்குத் தெரியும். கண்ணகைக்குத் தெரியும், நிருஷாவுக்குத் தெரியும், அன்றைக்கு யாரும் ஆச்சிப்பிள்ளையைக் குற்றம் சொல்லவும் இல்லை. பாணி கொடுத்தார்கள், நனைத்த துணி போட்டார்கள். தகரத்துக்கு அந்தப் பக்கம் பிள்ளை அழுவதும் அடங்குவதுமாக இருந்தது. இந்தப் பக்கம் ஆச்சிப்பிள்ளை நிலத்தில் உட்கார்ந்து ஊசி, ஊசி என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். பழைய விதை, சப்பி என்று சொல்லிக்கொண்டாள். சொல்லச் சொல்ல, நழுவிய துணியும், தான் பார்த்த அந்தக் கணமும்தான் முன்னால் வந்து நின்றன. கன்றுக்குட்டி வந்தது. பப்பாசி வந்தது. நிருஷாவின் முதல் பிள்ளையைச் சுமந்த வயிற்றைத் தான் ஆசையோடு பார்த்துக்கொண்டிருந்த ஒரு பின்னேரம் வந்தது. அதை அதுவரை அவள் ஒரு நாளும் நினைத்துப் பார்த்ததில்லை.

ஊர் சொன்னபோது நம்பவில்லை, படித்தவர் சொன்னபோதும் நம்பவில்லை. அன்றைக்கு நம்பிவிட்டாள்.

காய்ச்சல் மறுநாளே விட்டுப்போயிற்று, எல்லாப் பிள்ளைகளுக்கும் விடுவதுபோல. கண்ணகை கறுப்புத் துணியோடு குசினிக்கு வந்தபோது பாய் சுருட்டியிருந்தது. ஆச்சிப்பிள்ளை தகரப்பெட்டியைத் திறந்து மிச்ச மஞ்சளையும் வேட்டித் துண்டுகளையும் பேசினுக்குள் வைத்து நீட்டினாள்.

“காதப் பொத்திக்கிட்டு ஊத்து மச்சாள். தலைய முதல்ல நனைக்காத, கால நனைச்சிட்டுப் பிறகு தலை.”

“நீ எங்ககா போறா?”

“துறையடியில கச்சான் விக்கிற கொட்டில் இரிக்குத்தானே.”

“ஆரு உன்னப் போகச் சொன்ன?”

அவள் பாயைத் தூக்கிக் கக்கத்தில் வைத்தாள். சிவதர்ஷன் வந்து கையைப் பிடித்தான். தகரத்தைக் கழற்றிவிடுகிறேன் பெரியம்மா என்றான். வேண்டாம் மகன், இருக்கட்டும் என்று அவள்தான் சொன்னாள்.

இப்போதும் பாதை கரை தட்டுமுன் கச்சான் மணம் வந்து ஏறத்தான் செய்கிறது. மர்சூக் மூட்டையைப் போட்டுவிட்டு, “அக்கா, ஒருக்கா என்னப் பாருங்க, எனக்கு என்ன ஆகுது எண்டு பாப்பம்” என்று வம்புக்கு நிற்பான். அவள் மூட்டையைப் பார்த்துக்கொண்டு சிரிப்பாள். நுளம்புக் கதை இப்போது அவள் சொல்வதில்லை. கைப்பிள்ளையோடு யாராவது இறங்கினால், அவர்கள் சீலைத் தலைப்பை இழுக்குமுன் அவளே வாவிப் பக்கம் திரும்பிவிடுவாள்.

போன கிழமை நிருஷா பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு வந்தாள். கரடியனாற்றில் சிவதர்ஷனின் வட்டையில் நெல்வெட்டு முடிந்து, புதிரிசிப் பொங்கலுக்குப் போகிற வழி.

“பெரியம்மா, இஞ்ச பாருங்க. மேனுகா நடக்கிறாள்.”

ஆச்சிப்பிள்ளை தண்ணீரைப் பார்த்துக்கொண்டே ஒரு சுருள் மடித்து, ஆறிய கச்சானாகப் பார்த்து எடுத்து, தோலை ஊதி, கையைப் பின்பக்கமாக நீட்டினாள்.

“பாருங்க பெரியம்மா. ஒருக்கா. நான்தானே சொல்லுறன்.”

“பாதை வெளிக்கிடப்போகுது. போ மனே.”

சின்ன விரல்கள் சுருளைப் பிடித்து இழுத்தன. சுருளை விட்டுவிட்டு அவளுடைய சுண்டுவிரலைப் பிடித்தன. பிடித்த பிடியை விடவில்லை. நிருஷாதான் ஒவ்வொரு விரலாகப் பிரித்து எடுத்துக்கொண்டு போனாள்.